பொருளாதாரச் சுதந்திரப் பட்டியலை ஒரு ஏலக்காய் வியாபாரி படிக்கும் முறை

போடிநாயக்கனூரில் ஏலக்காய் வியாபாரம் எனக்கு 35 வருடப் பழக்கம். என் தங்கை மகள் பி.காம். படிக்கிறாள். கல்லூரியில் கொடுத்த ஒரு தாளை எடுத்துக்கொண்டு ஒருநாள் சாயங்காலம் கடைக்கு வந்தாள். "மாமா, எந்த நாட்டுல சுதந்திரமா தொழில் செய்யலாம்னு பட்டியல் போட்டிருக்காங்க. 2024-ல இந்தியா 126-வது இடம். குவாத்தமாலா நமக்கு எவ்வளவோ மேல இருக்கு. அது எப்படி மாமா?" என்று கேட்டாள்.

மத்திய அமெரிக்காவில் இருக்கும் குவாத்தமாலாவின் பெயரை எங்கள் ஊரில் சாக்குத் தைக்கிறவர்கூட அறிவார். முதல் உலகப் போருக்குச் சற்று முன்னால்தான் ஏலச்செடி அந்த நாட்டுக்குப் போனது. இன்று உலகத்திலேயே அதிகமாக ஏலக்காய் விளைவது அங்கேதான். அந்த ஊர்க்காரர்கள் அதைச் சமையலில் சேர்ப்பதே அபூர்வம். விளைவதில் பெரும்பகுதி கப்பலேறி அரபு நாடுகளுக்குப் போகிறது. அங்கே மகசூல் குறைந்தால் எங்கள் ஏலக்கூடத்தில் விலை ஏறும். அந்த நாட்டை ஒரு பட்டியல் நமக்கு மேலே வைக்கிறது என்றால் எனக்கும் காரணம் தெரிய வேண்டும் அல்லவா? அன்று ராத்திரி இருவரும் உட்கார்ந்து அந்தத் தாளைப் பிரித்துப் பார்த்தோம். நாங்கள் படித்த வழியைத்தான் இங்கே எழுதுகிறேன். வணிகவியல் படிக்கிற பிள்ளைகளுக்கும், வெளிநாட்டுக்குச் சரக்கு அனுப்பலாமா என்று யோசிக்கிற சின்ன வியாபாரிகளுக்கும் உதவும்.

பட்டியல் யாருடையது?

முதலில் இதைப் பாருங்கள். உலகம் முழுக்கப் பேசப்படும் பட்டியல்கள் இரண்டு. ஒன்று, வாஷிங்டனில் உள்ள ஹெரிடேஜ் ஃபவுண்டேஷன் 1995 முதல் வெளியிடுவது. இன்னொன்று, கனடாவின் ஃப்ரேசர் இன்ஸ்டிடியூட் 1996 முதல் வெளியிடுவது. என் மருமகள் கொண்டுவந்தது ஹெரிடேஜ் பட்டியல்.

ஹெரிடேஜ் 12 தலைப்புகளில் 100-க்கு மதிப்பெண் போட்டுச் சராசரி எடுக்கிறது. சொத்துரிமை, நீதிமன்றத்தின் திறன், அரசின் நேர்மை. வரிச்சுமை, அரசுச் செலவு, அரசின் நிதிநிலை. தொழில் நடத்தும் சுதந்திரம், தொழிலாளர் சுதந்திரம், பணத்தின் நிலைத்தன்மை. வெளிநாட்டு வணிகம், முதலீடு, வங்கித்துறை. மூன்று மூன்றாகச் சேர்த்தால் நான்கு கட்டு. 80-ஐத் தொட்டால் சுதந்திரமான நாடு. 50-இலிருந்து 60-க்குள் என்றால் பெரும்பாலும் சுதந்திரமில்லாத நாடு. 50-க்குக் கீழே என்றால் ஒடுக்கப்பட்ட பொருளாதாரம். 2024-இல் 80-ஐத் தொட்டவை சிங்கப்பூர், சுவிட்சர்லாந்து, அயர்லாந்து, தைவான் ஆகிய நான்குதான். இந்தியாவுக்கு 52.9. கடைசி இடம் வட கொரியாவுக்கு.

ஃப்ரேசர் ஐந்து பிரிவுகளில் 10-க்கு மதிப்பெண் போடுகிறது. அதன் புள்ளிவிவரம் எப்போதும் இரண்டு வருடம் பழையது. 2024 அறிக்கை பேசுவது 2022-ஆம் வருடத்தைப் பற்றி. அதே இந்தியா அந்தப் பட்டியலில் ஏறத்தாழ நடுவில் நிற்கிறது. இரண்டு தராசில் இரண்டு எடை. அதனால் ஒரே ஒரு பட்டியலை வைத்துக்கொண்டு "இந்தியா இவ்வளவுதான்" என்று முடிவு கட்டாதீர்கள்.

இரண்டு அமைப்புகளுக்கும் பொதுவான நம்பிக்கை ஒன்று உண்டு: அரசு சிறியதாக இருப்பது நல்லது. ஆஸ்பத்திரிக்கும் பள்ளிக்கூடத்துக்கும் அரசு நிறையச் செலவழித்தால் "அரசுச் செலவு" தலைப்பில் மதிப்பெண் குறையும். இந்த இடத்தில் நான் அவர்களோடு உடன்படவில்லை. விடியுமுன் சோற்றுத் தூக்கோடு ஜீப்பில் கேரள எல்லையில் இருக்கும் கம்பமெட்டு மலைப்பாதை ஏறிக் காய் எடுக்கப் போகும் பெண்களை நான் தினமும் பார்க்கிறேன். பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் தூக்கிக்கொண்டு ஓட ஓர் அரசு ஆஸ்பத்திரி இருப்பதால்தான் அவர்கள் தைரியமாக வேலைக்குப் போகிறார்கள். அதையும் நான் பொருளாதாரச் சுதந்திரத்தில்தான் சேர்ப்பேன். பட்டியல் போட்டவரின் நம்பிக்கையைத் தெரிந்துகொண்டு படித்தால் எந்த மதிப்பெண்ணை எடுத்துக்கொள்வது, எதை விடுவது என்பது நமக்கே புரிந்துவிடும்.

ஹாங்காங் 25 வருடம் ஹெரிடேஜ் பட்டியலில் முதலிடத்தில் இருந்தது. 2020-இல் சிங்கப்பூர் முந்தியது. 2021-இல் ஹாங்காங்கைப் பட்டியலிலிருந்தே எடுத்துவிட்டார்கள். கொள்கையை பெய்ஜிங்தான் தீர்மானிக்கிறது என்பது அவர்கள் சொன்ன காரணம். ஃப்ரேசர் அதைத் தன் பட்டியலில் தொடர்ந்து வைத்திருக்கிறது. எந்த ஊரைத் தனி நாடாகக் கணக்கில் எடுப்பது என்பதுகூட ஒருவருடைய தீர்மானம்தான்.

உலக வங்கியும் தொழில் நடத்தும் எளிமை பற்றி ஒரு பட்டியல் நடத்தியது. அதில் இந்தியா 142-ஆவது இடத்திலிருந்து சில வருடங்களில் 63-க்கு வந்தது. எங்கள் ஊரில் யாருக்கும் அந்த வித்தியாசம் கையில் தட்டுப்படவில்லை. பிறகுதான் தெரிந்தது, அவர்கள் இந்தியாவில் எடுத்துக்கொண்ட ஊர்கள் டெல்லியும் மும்பையும் மட்டுமே. சில நாடுகளின் புள்ளிவிவரத்தில் முறைகேடு கண்டுபிடிக்கப்பட்டு 2021 செப்டம்பரில் அந்த அறிக்கையையே நிறுத்திவிட்டார்கள். எந்த ஊரில் அளந்தார்கள் என்று கேட்காமல் எந்த எண்ணையும் நம்பாதீர்கள்.

மொத்த மதிப்பெண்ணை மூடி வையுங்கள்

நிஜமாகவே ஒரு அட்டையை வைத்து மறைத்துவிடுங்கள். மொத்தத்தைப் பார்த்தால் கண் அங்கேயே நின்றுவிடும். அப்புறம் இரண்டு நாடுகளின் 12 தலைப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள்.

நாங்கள் இந்தியாவையும் குவாத்தமாலாவையும் எழுதினோம். குவாத்தமாலாவின் மொத்தம் 60-க்கு மேல். எங்கே கூடுகிறது? வரி குறைவு, அரசுச் செலவு குறைவு, அரசுக்குக் கடன் குறைவு. அந்த மூன்று தலைப்பிலும் அள்ளுகிறது. இந்தியாவுக்கோ நிதிநிலைத் தலைப்பில் மிகக் குறைந்த மதிப்பெண். பற்றாக்குறையும் கடனும் காரணம். இந்தப் பக்கம் நீதிமன்றம், சொத்துரிமைக்கு வந்தால் கதை மாறுகிறது. அங்கே குவாத்தமாலா நமக்குக் கீழே. 12 தலைப்புக்கும் ஒரே எடை என்பதால் நிதிநிலையில் கிடைத்த உயர்வு, நீதிமன்றத்தில் விழுந்த பள்ளத்தை மூடிவிடுகிறது.

எனக்கு எந்தத் தலைப்பு முக்கியம் என்பதை என் அனுபவம்தான் சொல்லிக்கொடுத்தது. எங்கள் வியாபாரம் கடன் சரக்கில் ஓடுவது. 2011-இல் வடநாட்டில் ஒருவருக்கு நாலேகால் லட்சத்துக்குக் காய் அனுப்பினேன். கொடுத்த செக் திரும்பி வந்தது. வழக்குப் போட்டேன். ஆறு வருடம் வாய்தாவுக்கு அலைந்தேன். கடைசியில் பாதிப் பணத்துக்குச் சமாதானம். அந்த ஆறு வருடமும் நான் கட்டிய வரியெல்லாம் சேர்ந்தாலும் அந்த நஷ்டத்துக்கு ஈடில்லை. அன்றிலிருந்து எந்த நாட்டைப் பற்றிப் பேசினாலும் நான் முதலில் கேட்பது, "பணம் வராவிட்டால் அங்கே எத்தனை வருடம் ஆகும்?" என்பதுதான். குவாத்தமாலாவில் வரி குறைவு. ஆனாலும் அங்கே ஒருவருக்குக் கடனில் சரக்குக் கொடு என்றால் நான் யோசிப்பேன்.

டென்மார்க்கைத் திருப்பிப் பாருங்கள். வரியும் அரசுச் செலவும் மிக அதிகம், அந்த இரண்டிலும் மதிப்பெண் தரைமட்டம். ஆனால் நீதிமன்றம், சொத்துரிமை, நேர்மை மூன்றிலும் உச்சம். மொத்தத்தில் உலகின் முன்வரிசையில் இருக்கிறது. சிங்கப்பூரில் பத்தில் எட்டுப் பேர் அரசு வீட்டு வசதி வாரியம் கட்டிய அடுக்குமாடியில் குடியிருக்கிறார்கள். நிலத்தில் பெரும்பகுதி அரசுக்குச் சொந்தம். அந்த நாடுதான் பட்டியலில் முதலிடம். அரசு கையே வைக்காத இடம்தான் சுதந்திரச் சந்தை என்று யாராவது சொன்னால் இந்த இரண்டு வரிசைகளையும் எடுத்துக் காட்டுங்கள்.

நம் எல்லையை வைத்துத் தலைப்புகளைப் புரிந்துகொள்வது

தமிழ்நாடு, கேரளம் இரண்டின் எல்லையில் இருப்பவர்களுக்கு ஒரு வசதி உண்டு. அதே காய், அதே மலை, அதே ஜனங்கள். ரோட்டில் ஒரு கோட்டைத் தாண்டினால் விதி வேறு. பட்டியலில் உள்ள ஒவ்வொரு தலைப்புக்கும் உதாரணம் இங்கேயே கிடைக்கும்.

வணிகச் சுதந்திரம் என்றால் என்ன? பட்டியல் அளப்பது வெளிநாட்டு வணிகத்தை, ஆனால் மாநில எல்லையை வைத்தும் அதைப் புரிந்துகொள்ளலாம். 1996-இல் நானும் என் அண்ணனும் கம்பம் பன்னீர் திராட்சையை எர்ணாகுளத்துக்கு அனுப்பினோம். ஒரு சோதனைச் சாவடியில் லாரி பதினோரு மணி நேரம் நின்றது. பேப்பரில் குறை எதுவும் இல்லை. வரிசை அவ்வளவு நீளம், முத்திரை குத்துகிறவர் ஒருவர். மறுநாள் பெட்டியைத் திறந்தால் அடிவரிசைப் பழம் சாறாகிவிட்டது. அந்தச் சீசனில் எங்கள் லாபம் அந்த ரோட்டிலேயே வடிந்துபோனது. 2017 ஜூலை 1 அன்று ஜிஎஸ்டி வந்ததும் விற்பனை வரிச் சோதனைச் சாவடிகள் எடுக்கப்பட்டன. 2018 ஏப்ரல் முதல் 50,000 ரூபாய்க்கு மேல் வரிக்குரிய சரக்கு மாநிலம் தாண்டினால் இ-வே பில் என்ற ஆன்லைன் சரக்குச் சீட்டு போதும். அன்றிலிருந்து ராத்திரி ஏற்றிய திராட்சை விடியும்போது எர்ணாகுளம் மார்க்கெட்டில் இருக்கிறது. மாதாமாதம் ரிட்டன் போட ஆள் வைக்க வேண்டியிருக்கிறது, அதுவும் நிஜம். சின்னக் கடைக்கு அது பெரிய செலவு. இரண்டையும் சேர்த்துத்தான் எழுத வேண்டும்.

பணத்தின் நிலைத்தன்மை என்ற தலைப்பில் விலைவாசியோடு விலைக் கட்டுப்பாட்டையும் சேர்த்து அளக்கிறார்கள். பலருக்கு இது தெரியாது. இதற்கு உதாரணம் ரேஷன் அரிசி. தமிழ்நாட்டில் 2011 முதல் அரிசி இலவசம். எல்லையைத் தாண்டினால் அதற்கு விலை. அதனால் மூட்டை மூட்டையாகக் கேரளத்துக்குக் கடத்தப்படுவதும், பிடிபடுவதும் இங்கே எல்லோரும் அறிந்த விஷயம். ஏழைக்கு இலவச அரிசி கொடுப்பது தப்பு என்று நான் சொல்லவே மாட்டேன். ஒரே பொருளுக்குப் பக்கத்துப் பக்கத்தில் இரண்டு விலை இருந்தால் அது தானாக வழி தேடிக்கொள்ளும் என்பதைச் சொல்கிறேன். வெனிசுலாவில் அரசு பெட்ரோலைச் சல்லிக் காசுக்கு விற்றபோது, எல்லைக்கு அந்தப் பக்கம் கொலம்பியாவில் ரோட்டோரம் கேன் கேனாக விற்றார்கள். அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்குக் கம்பமெட்டு ரோடுதான் கண்ணில் வந்தது.

தொழிலாளர் சுதந்திரம் என்ற தலைப்பைப் புரிந்துகொள்ள மலையாளத்தில் ஒரு சொல்லே இருக்கிறது: நோக்குகூலி. நம் ஆட்களே சரக்கை இறக்கினாலும், பார்த்துக்கொண்டு நின்றவர்களுக்குக் கூலி கொடுக்க வேண்டும். மலைக்கு அந்தப் பக்கம் ஒரு கிட்டங்கியில் நான் கொடுத்திருக்கிறேன். கேரள அரசே 2018 மே 1 முதல் இதைத் தடை செய்தது. ஆனால் இதே கேரளத்தில் சுமைத் தொழிலாளர்களுக்குத் தனிச் சட்டமும், அதன்படி அமைந்த நல வாரியமும் உண்டு. முதுகில் மூட்டை சுமக்கிறவருக்கு அந்தப் பாதுகாப்பு வேண்டும் என்று நான் மனதாரச் சொல்வேன். தூக்கியவருக்குக் கூலி, தூக்காதவருக்கு இல்லை. நான் கேட்பது அவ்வளவுதான். பட்டியல் இந்த இரண்டையும் பிரித்துப் பார்ப்பதில்லை. நீங்கள் பிரித்துப் பார்க்க வேண்டும்.

சொத்துரிமைக்குக் கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தைப் பாருங்கள். கையில் பட்டா இருக்கும். ஆனால் அது விவசாயத்துக்கும் குடியிருப்புக்கும் கொடுத்த பட்டா என்றால், அதில் கடை கட்டுவது பல வருடம் சட்டமீறலாகவே இருந்தது. 2023-இல்தான் கேரள சட்டமன்றம் திருத்தம் கொண்டுவந்தது. ஏலமலையில் மரம் வெட்ட அனுமதி வேண்டும். காட்டைக் காப்பாற்றத்தான் அந்த விதி. நிழல் மரம் இல்லாமல் ஏலம் இல்லை. நிலம் யாருடையது என்று கேட்டுவிட்டு நிறுத்திவிடாதீர்கள். அதில் என்ன செய்யலாம், விற்கலாமா, வங்கியில் அடமானம் வைக்கலாமா என்று மூன்றையும் கேளுங்கள்.

விதி எத்தனை நாள் நிலைக்கிறது?

நான் அதிகம் வலியுறுத்துவது இதைத்தான், ஏனென்றால் ஹெரிடேஜ் பட்டியலின் 12 தலைப்புகளில் இதற்கென்று தனித் தலைப்பு இல்லை. வரி 5 சதவீதமா 18 சதவீதமா என்பதை வியாபாரி விலையில் சேர்த்துவிடுவான். நாளைக் காலையில் விதி மாறிவிடுமோ என்ற பயத்தை எந்த விலையிலும் சேர்க்க முடியாது.

2023 ஜூலை 20 அன்று பாசுமதி அல்லாத வெள்ளை அரிசி ஏற்றுமதி ஒரே உத்தரவில் தடை செய்யப்பட்டது. அடுத்த மாதம் புழுங்கலரிசிக்கு 20 சதவீத ஏற்றுமதி வரி. டிசம்பரில் வெங்காயத்துக்குத் தடை. உள்நாட்டில் விலை ஏறாமல் பார்த்துக்கொள்வது அரசின் கடமை, சரி. ஆனால் சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் மளிகைக் கடை வைத்திருப்பவர், நம்மிடம் வாங்கினால் சரக்கு வருமா வராதா என்று ஒருமுறை சந்தேகப்பட்டுவிட்டால் தாய்லாந்துக்கும் வியட்நாமுக்கும் போய்விடுவார். தடை நீங்கினாலும் அவர் திரும்பி வருவது நிச்சயமில்லை.

மிளகில் இன்னொரு பாடம். இலங்கையோடு நமக்கு 2000 முதல் வரியில்லா வணிக ஒப்பந்தம் உண்டு. அந்த வழியாக வியட்நாம் மிளகு வந்து குவிகிறது என்று கேரள விவசாயிகள் கொதித்தார்கள். 2017 டிசம்பரில் கிலோ 500 ரூபாய்க்குக் கீழே மிளகு இறக்குமதி கூடாது என்று உத்தரவு வந்தது. விவசாயி நிம்மதிப் பெருமூச்சு விட்டான். மிளகை வாங்கி எண்ணெய் எடுத்து ஏற்றுமதி செய்கிறவர்களுக்கு மூலப்பொருள் விலை ஏறியது. ஏலக்காய்க்கும் இறக்குமதி வரி 70 சதவீதம். அது எங்கள் தோட்டக்காரர்களையும் என்னையும் காக்கிறது என்று வெளிப்படையாகவே சொல்கிறேன். அதே சமயம் 2019 ஆகஸ்டில் ஏலத்தில் கிலோ 7,000 ரூபாய் வரை போனபோது, பாயசத்துக்கு நாலு காய் வாங்க வந்த அம்மாவின் முகமும் எனக்கு மறக்கவில்லை. ஒரு விதியைப் பார்த்தால் அதில் யாருக்குக் கதவு திறக்கிறது, யாருக்கு மூடுகிறது என்று இரண்டு பெயரையும் எழுதுங்கள்.

அதனால் ஒரு வருடத்து மதிப்பெண்ணை மட்டும் பார்க்காதீர்கள். பத்து வருடத்தை வரிசையாக எழுதுங்கள். ஏறி இறங்கி ஆடுகிறதா, ஒரே பக்கம் போகிறதா என்று தெரியும்.

ஏலக்கூடத்தில் ஒரு நாள்

படிக்கிற பிள்ளைகளுக்கு இன்னொன்று சொல்வேன். தாளோடு நிற்காமல் ஒரு சந்தையை நேரில் பாருங்கள். எங்கள் பக்கம் ஏலக்காய்க்கு இரண்டு மின்னணு ஏலக்கூடங்கள்: போடிநாயக்கனூரிலும், இடுக்கியில் புற்றடியிலும். நான் தொழிலுக்கு வந்த காலத்தில் எல்லாம் வாய் ஏலம்தான். குரல் பெரியவன் ஜெயிப்பான்; இரண்டு பேர் கண்ணால் பேசிக்கொண்டால் விலை அமுங்கும். 2007-இல் கம்ப்யூட்டர் ஏலம் தொடங்கியது. சாம்பிள் எல்லோர் மேஜைக்கும் வருகிறது, நிறம் பார்க்கிறோம், உடைத்து வாசம் பார்க்கிறோம், பட்டனை அழுத்துகிறோம். யார் கேட்கிறார் என்பது தெரியாது, விலை மட்டும் திரையில். அன்றைய உச்ச விலையும் சராசரி விலையும் மலைமேல் இருக்கும் விவசாயியின் போனுக்கு உடனே போய்விடுகிறது. இத்தனைக்கும் ஏலம் நடத்தவும் அதில் வாங்கவும் மத்திய அரசின் ஸ்பைசஸ் போர்டு (நறுமணப் பொருள் வாரியம்) உரிமம் வேண்டும். விதியும் இருக்கிறது, போட்டியும் இருக்கிறது. வாய் ஏலக் காலத்தைவிட இன்று இரண்டு ஏக்கர் வைத்திருக்கும் விவசாயிக்குப் பேரம் பேசும் பலம் கூடியிருக்கிறது. என் லாபம் அதனால் கொஞ்சம் மெலிந்தது. இருந்தாலும் இந்த முறைதான் நியாயமானது.

ஒரு லோடை நோட்டில் ஓட்டிப் பாருங்கள்

கடைசி வேலை. ஒரு நாடு, ஒரு பொருள் எடுங்கள். ஒரு லோடு அந்த நாட்டில் விளைந்த இடத்திலிருந்து வாங்குகிறவர் கைக்குப் போகும் வரை வழியில் என்னென்ன என்று கேள்வியாக எழுதுங்கள். நிலம் யார் பெயரில்? யாருக்கு விற்கலாம், ஒருவருக்கா பலருக்கா? வழியில் எத்தனை கையெழுத்து? பணம் எந்த நாணயத்தில் வரும், அந்த நாணயம் ஆறு மாதம் கழித்தும் அதே மதிப்பில் இருக்குமா? (2009-இல் ஜிம்பாப்வே நூறு லட்சம் கோடி டாலர் என்று ஒரே நோட்டு அடித்தது. அங்கே கடனில் விற்றவர் கதியை நினைத்துப் பாருங்கள்.) பணம் வராவிட்டால் யாரிடம் போவது? பத்து வருடத்தில் இந்த விதிகள் எத்தனை முறை மாறின?

என் மருமகள் வியட்நாம் மிளகை எடுத்தாள். கம்யூனிஸ்ட் கட்சி ஆளும் நாடு, அதனால் மதிப்பெண் அடியில் இருக்கும் என்று நினைத்துத்தான் ஆரம்பித்தாள். 2014 பட்டியலில் வியட்நாம் 51-க்குப் பக்கம், இந்தியா 55-க்கு மேல். 2024-இல் வியட்நாம் 62-ஐத் தாண்டிவிட்டது, இந்தியா 53-க்குப் பக்கம். அட்டையை வைத்து மொத்தத்தை மூடிவிட்டுக் கேள்விகளுக்குப் போனாள். 1986-இல் அவர்கள் சந்தையைத் திறந்தார்கள். கூட்டுப் பண்ணை நிலம் குடும்பங்கள் கைக்கு வந்தது. நிலம் இன்றும் சட்டப்படி மக்கள் அனைவருக்கும் பொது, நிர்வாகம் அரசுக்கு; ஆனால் 1993 சட்டப்படி அனுபவ உரிமையை விற்கலாம், பிள்ளைக்கு விடலாம், அடமானம் வைக்கலாம். அந்த நாடு இன்று உலகிலேயே அதிகமாக மிளகு ஏற்றுமதி செய்கிறது. "பணம் வராவிட்டால் யாரிடம் போவது?" என்ற கேள்விக்கு எதிரே மட்டும் அவள் நோட்டில் இன்னும் வெற்றிடம். வியட்நாமில் மிளகு வாங்கிய ஒருவரைக் கம்பத்தில் எனக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை அவரைப் பார்க்க இருவரும் நோட்டோடு போகிறோம்.